அப்பா பெயர் என்ன என்று கேட்டார்கள்

தம்பிக்கு,

அன்றைக்கு நீ கூப்பிட்டபோது கரண்ட் போகவில்லை. "கரண்ட் போயிருச்சு தம்பி, போன்ல சார்ஜும் இல்ல, அப்பறம் பேசுறேன்" என்று சொல்லி நான் வைத்தது பொய். தலைக்கு மேல் விசிறி ஓடிக்கொண்டுதான் இருந்தது. சிங்கப்பூர் குடியுரிமைக்கு ஒப்புதல் வந்துவிட்டது, அடுத்த மாதம் உறுதிமொழி எடுக்க வேண்டும், அதற்கு முன்னால் இந்தியப் பாஸ்போர்ட்டை ஒப்படைத்துவிட வேண்டும் என்று நீ ஒரே மூச்சில் சொல்லி முடித்தாய். பிறகு, "என்னப்பா, ஒண்ணுமே சொல்ல மாட்டேங்கிறீங்க?" என்றாய். அதற்குச் சொல்ல என்னிடம் இருந்தது. ஆனால் போனில் சொல்லி முடிகிற அளவுக்கு அது சின்னது இல்லை. நான் தொடங்கினால் நடுவில் உனக்கு ஆபீஸ் அழைப்பு வரும், பாப்பா வந்து திரையை மறைப்பாள். நான் கோபமாக இருக்கிறேன் என்று நீங்கள் இருவரும் நினைத்துக்கொண்டிருப்பது எனக்குத் தெரியும். மறுநாளே மருமகள் "மாமா, சாப்டீங்களா?" என்று மெசேஜ் போட்டாள். வழக்கமாக ஞாயிற்றுக்கிழமைதான் கேட்பாள். கோபம் எதுவும் இல்லை என்று அவளிடம் சொல். நான் எழுதத்தான் நேரமாகிவிட்டது.

உன் அம்மா போன பிறகு இந்த வீட்டில் பேசுகிற குரல் டிவி மட்டும்தான். அரை டம்ளர் அரிசி வைத்தால் எனக்கு இரண்டு வேளைக்கு வருகிறது. குக்கர் சத்தம் அடங்கியதும் வீடு ஒரு மாதிரி ஆகிவிடும். அதனால் செய்தியைப் போட்டு வைத்துவிடுவேன். இந்த நாலைந்து வருடங்களில் நம்மைச் சுற்றி என்னவெல்லாம் நடந்துவிட்டது பார். கொழும்பில் ஜனங்கள் ஜனாதிபதி மாளிகைக்குள் புகுந்து அவர் நீச்சல் குளத்தில் குளித்தார்கள். டாக்காவில் பிரதமர் ஹெலிகாப்டர் ஏறி நாட்டைவிட்டே போய்விட்டார். காத்மாண்டுவில் உன்னைவிடச் சின்னப் பையன்கள் நாடாளுமன்றத்துக்கே தீ வைத்தார்கள். பர்மாவில் தேர்தலில் ஜெயித்தவர்களைப் பட்டாளம் பிடித்து உள்ளே போட்டது. டிவியில் எல்லோரும் மாளிகையையும் தீயையும் காட்டுகிறார்கள். என் கண் அங்கே போவதில்லை. படத்தின் ஓரத்தில் யாராவது ஒரு பையைத் தூக்கிக்கொண்டு, பஸ் வருமா வராதா என்று நின்றுகொண்டிருப்பார். நான் அவரைத்தான் பார்ப்பேன். ஒரு காலத்தில் நான் அப்படி நின்றிருக்கிறேன்.

நான் குவைத்தில் இருந்தது உனக்குத் தெரியும். நீ சின்ன வயதில் கேட்கும்போதெல்லாம், "சண்ட வந்துச்சு, வந்துட்டேன்" என்று முடித்துவிடுவேன். அங்கே ஒரு ரொட்டிக் கம்பெனியில் வேன் ஓட்டினேன். விடியற்காலையில் கடை கடையாக ரொட்டி இறக்க வேண்டும். அந்த ரொட்டியைச் சுடுகிற அடுப்பில் நின்றவன் சூசை. மன்னார்த் தீவில் பேசாலை என்ற ஊர்க்காரன். இலங்கைத் தமிழன், கிறிஸ்தவன், என்னைவிட இரண்டு மூன்று வயது மூத்தவன். ஒரே அறையில் இருந்தோம். "எங்கட கரையில நிண்டு பாத்தா உங்கட தனுஷ்கோடி வெளிச்சம் தெரியும், மச்சான்" என்பான். அவன் மனைவி ரீற்றாவும் ஒரு பெண் குழந்தையும் ஊரில் இருந்தார்கள். உன் அம்மா அப்போது உன்னைச் சுமந்துகொண்டிருந்தாள். இரண்டு பேரும் சம்பள நாளில் ஒன்றாகப் போய்ப் பணம் அனுப்பிவிட்டு, ஒரு டீயை வாங்கிப் பாதிப் பாதி குடித்துவிட்டு வருவோம்.

தொண்ணூறாம் வருடம் ஆகஸ்ட் மாதத்தில் ஒரு வியாழக்கிழமை நான் வேனை எடுத்துக்கொண்டு போனால் ரவுண்டானாவில் டாங்கி நிற்கிறது. எந்த நாட்டு டாங்கி என்றுகூட எனக்குத் தெரியவில்லை. ஒரு சிப்பாய் வேனை நிறுத்தி, பின்கதவைத் திறந்து, ரொட்டியை எடுத்துக்கொண்டு, போகச் சொல்லிக் கையைக் காட்டினான். ஈராக் பட்டாளம் உள்ளே வந்துவிட்டது என்று அறைக்குத் திரும்பிய பிறகுதான் தெரிந்தது. எங்கள் முதலாளி அதற்குள் குடும்பத்தோடு சவூதிப் பக்கம் போய்விட்டார். எங்கள் பாஸ்போர்ட்டெல்லாம் அவர் அலமாரியில் இருந்தன. அலமாரியும் இல்லை, ஆபீஸும் இல்லை, யாரோ உடைத்து அள்ளிக்கொண்டு போய்விட்டார்கள். அந்த மாதம் முடிவதற்குள், குவைத் என்று ஒரு நாடே கிடையாது, அது எங்களுடைய பத்தொன்பதாவது மாகாணம் என்று ஈராக்காரர்கள் அறிவித்துவிட்டார்கள். கார்களின் நம்பர் பிளேட்டை மாற்றச் சொன்னார்கள். நான் வேலை பார்த்த தேசம் என் கண் முன்னாலேயே பெயர் இல்லாமல் போனது, தம்பி. தெருவும் கட்டடமும் நேற்று இருந்த இடத்தில்தான் இருந்தன.

பஸ்ஸில் பாஸ்ரா, பாக்தாத் வழியாக ஜோர்டான் எல்லைக்குப் போய்ச் சேர்ந்தோம். நானும் சூசையும் ஒரே சீட்டில் மாறி மாறி உட்கார்ந்துகொண்டு போனோம். எல்லையில் கண்ணுக்கு எட்டிய தூரம் வரை கூடாரம். பகலில் மணல் கொதிக்கும். தண்ணீர் லாரி வந்தால் அத்தனை பாஷையிலும் கூச்சல் கேட்கும். வங்காளதேசத்துக்காரர்கள் ஒரு பக்கம், பிலிப்பைன்ஸ் பெண்கள் ஒரு பக்கம், இலங்கைக்காரர்கள், எகிப்துக்காரர்கள், நாங்கள். ஒரே அடுப்பில் வெந்தவர்களை நாடு நாடாகப் பிரித்து உட்கார வைத்திருந்தார்கள். நம் நாட்டு விமானங்கள் ஜோர்டான் தலைநகர் அம்மானுக்கு வந்து ஆட்களை ஏற்றிக்கொண்டு போகின்றன, பாஸ்போர்ட் இல்லாதவனுக்கும் ஊர் பேர் விசாரித்து ஒரு தாள் கொடுத்து ஏற்றிவிடுகிறார்கள் என்று செய்தி வந்தது. சூசையின் ஆட்களுக்கு எப்போது விமானம் வரும் என்று யாருக்கும் தெரியவில்லை. போதாததற்கு அந்த வருடம் நடுவில்தான் அவன் ஊரில் மறுபடி சண்டை தொடங்கியிருந்தது. பிறகு ரீற்றாவிடமிருந்து ஒரு வரிகூட அவனுக்கு வரவில்லை.

யோசனை சொன்னது நான்தான். "நீ எங்க ஊர்க்காரன்னு சொல்லு சூசை. எம் பெரியப்பா மகன்னு நான் சொல்றேன். ரெண்டு பேரும் பேசறது தமிழ்தான, அவனுகளுக்கு என்ன தெரியப் போகுது" என்றேன். அவன் வெகுநேரம் மணலைக் கிளறிக்கொண்டிருந்துவிட்டு, "சரி, சொல்லித் தா" என்றான். கூடாரத்து நிழலில் உட்கார்ந்து அவனுக்கு நம் ஊரைச் சொல்லிக்கொடுத்தேன். புதுக்கோட்டையில் பஸ் ஏறினால் அறந்தாங்கி வழியாக மணமேல்குடி. அங்கிருந்து கடற்கரையோரமாகத் தெற்கே போனால் கோட்டைப்பட்டினம், ஜெகதாப்பட்டினம். எங்கள் தாலுகா முன்னால் தஞ்சாவூர் மாவட்டத்தில் இருந்தது, பிறகுதான் புதுக்கோட்டை மாவட்டம் பிரித்தார்கள், என் பழைய பள்ளிச் சான்றிதழில் தஞ்சாவூர் என்றுதான் இருக்கும் என்று சொன்னபோது, "அப்ப உனக்கே உன்ர மாவட்டம் எதெண்டு வடிவாத் தெரியாது போல" என்று சிரித்தான். எத்தனையோ நாளுக்குப் பிறகு அன்றுதான் சிரித்தான்.

ஊரைவிடப் பேச்சுதான் கஷ்டமாக இருந்தது. "ஓம்னு சொல்லாத, ஆமாங்கன்னு சொல்லு." "ஆமாங்க." "கதைக்கிறதுன்னு சொல்லாத. பேசறது." "பேசறது." "இஞ்ச இல்ல, இங்கிட்டு." "இங்கிட்டு" என்பதை மட்டும் அவன் ரொம்ப ரசித்தான். தண்ணீர் லாரி வந்தால் "இங்கிட்டு வாங்க, இங்கிட்டு வாங்க" என்று எனக்குச் சொல்லிக்காட்டுவான். பெரியப்பாவின் பெயர், அவர் வீடு இருக்கிற தெரு, குலதெய்வம் எல்லாவற்றையும் மனப்பாடம் செய்துவிட்டான். நான் தூங்கி எழுந்து திடீரென்று கேட்டாலும் தடுமாறாமல் சொன்னான்.

எங்கள் முறை வந்தது. ஒரு மேசை, இரண்டு நாற்காலி. ஒருவர் எழுதினார், பக்கத்தில் இருந்தவர் தமிழர், அவர் கேட்டார். எனக்குச் சீக்கிரம் முடிந்துவிட்டது. தள்ளி நின்றுகொண்டு சூசையைப் பார்த்தேன். "ஊரு?" என்றார். சொன்னான். "எப்படிப் போகணும்?" "புதுக்கோட்டைல இருந்து அறந்தாங்கி வழிங்க." என் வயிற்றில் பால் வார்த்த மாதிரி இருந்தது. எழுதுகிறவர் எழுதிக்கொண்டே வந்தார். "அப்பா பேரு?" என்று அந்தத் தமிழர் கேட்டார். சூசை எழுதுகிற தாளையே பார்த்துக்கொண்டு நின்றான். கேள்வி புரியவில்லை என்று நினைத்து அவர் மறுபடி கேட்டார். சூசை என்னை ஒரு தடவை பார்த்தான். பிறகு அவர் பக்கம் திரும்பி, "சவரிமுத்து. நான் மன்னார், பேசாலை. இலங்கை" என்றான்.

எழுதுகிறவர் பேனாவை வைத்துவிட்டார். "சார், அவனுக்கு வெயில்ல தல சுத்திருச்சு, என்னமோ ஒளர்றான்" என்று நான் ஓடினேன். அந்தத் தமிழர் கெட்டவர் இல்லை. என்னைத் திட்டவுமில்லை. "அந்தப் பக்கம் போங்க தம்பி, ஒங்க ஆளுங்க அங்க இருக்காங்க" என்று சூசையிடம் மெதுவாகச் சொன்னார். அவன் போய்விட்டான். அன்று சாயங்காலம் என்னை ஏற்றிக்கொண்டு போக பஸ் வந்தபோது கூட்டத்தில் தேடி வந்து என் கையைப் பிடித்தான். ஏன்டா இப்படிப் பண்ணினாய் என்று கேட்டேன். "எங்கட பக்கத்துச் சனம் படகில ராமேசுவரத்துக்குப் போகுதாம். ரீற்றாவும் பிள்ளையும் அங்க வந்திருந்தா, தேடிப் பார்" என்று மட்டும் சொன்னான்.

அம்மானில் விமானம் ஏறி, பம்பாயில் இறங்கி, ரயிலேறி ஊர் வந்து சேர்ந்தேன். வாசலில் பாய் விரித்து உன்னைப் படுக்க வைத்திருந்தாள் உன் அம்மா. நீ பிறந்ததே எனக்குத் தெரியாது. அழுவாள் என்று நினைத்தேன். "வந்துட்டீங்களா. குளிச்சுட்டு வாங்க, சோறு இருக்கு" என்றாள். சாப்பிட்டு முடித்த பிறகுதான் சொன்னாள். "புள்ள பொறந்ததச் சொல்லணும்னு போஸ்ட் ஆபீசுக்குப் போயிருந்தேங்க. எந்த நாட்டுக்குத் தந்தி அடிக்கிறதுன்னு கேட்டாங்க. எனக்குச் சொல்லத் தெரியல." சொல்லிவிட்டுத் தட்டை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள்.

பிறகு மண்டபம் முகாமுக்குப் போனேன். அகதிகள் அந்த வருடம் படகு படகாக வந்துகொண்டிருந்தார்கள். இரண்டாவது தடவை போனபோது ரீற்றாவைக் கண்டுபிடித்துவிட்டேன். உண்மையிலேயே வந்திருந்தாள். பேசாலையிலிருந்து வந்த படகில் பிள்ளையோடு ஏறி, மணல் திட்டில் இறக்கிவிடப்பட்டு, அங்கிருந்து வந்திருக்கிறாள். சூசை உயிரோடு இருக்கிறான் என்றதும் தரையில் உட்கார்ந்துவிட்டாள். பிறகு நிமிர்ந்து, "அப்ப ஏன் உங்களோட வரேல்லை?" என்று கேட்டாள். நடந்ததைச் சொன்னேன். அவன் மேல் அவளுக்குப் பெருமை வரும் என்று எதிர்பார்த்தேன் போலிருக்கிறது. அவள் முகம் கறுத்துவிட்டது. "ஒரு பொய் சொல்லியிருந்தா இண்டைக்கு இஞ்ச வந்து நிண்டிருப்பார். உண்மையைச் சொல்லி என்னத்தைக் கண்டார்? நான் இஞ்ச, அவர் எங்கயோ. பிள்ளை அப்பா எங்க எண்டு கேக்குது" என்றாள். அவள் சொன்னது நியாயம்தானே.

அவன் கொழும்புக்குப் போய்ச் சேர்ந்துவிட்டான். ஆனால் கொழும்பிலிருந்து மன்னாருக்குப் போக வழியில்லை, இந்தப் பக்கம் வரவும் வழியில்லை. அவன் கடிதம் எனக்கு வரும், அதை நான் முகாமுக்குக் கொண்டுபோய்க் கொடுப்பேன். அடுத்த வருடம் சென்னைக்குப் பக்கத்தில் தேர்தல் கூட்டத்தில் குண்டு வெடித்து அந்தப் பெரிய தலைவர் இறந்தார். அன்றோடு எல்லாம் மாறியது. முகாமுக்கு யார் வருகிறார்கள் போகிறார்கள் என்று விசாரித்தார்கள். என்னையும் ஸ்டேஷனுக்குக் கூப்பிட்டு, இலங்கையிலிருந்து உனக்கு ஏன் கடிதம் வருகிறது என்று நாள் முழுக்க உட்கார வைத்துக் கேட்டார்கள். ஊரில் நம் வீட்டுக்கு வருகிறவர்கள்கூடக் குறைந்துவிட்டார்கள். இனிமேல் நான் போனால் ரீற்றாவுக்கும் ஆபத்து என்று நினைத்து உட்கார்ந்துவிட்டபோது, உன் அம்மா உன்னைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு புறப்பட்டாள். "நீங்க இருங்க. கைப்புள்ளக்காரிய என்ன கேட்டுறப் போறாங்க. நான் போயிட்டு வாரேன்" என்றாள். மாதம் ஒருமுறை போவாள். மிளகாய்த்தூளும் புளியும் கருவாடும் கொண்டுபோவாள். நீ நடை பழகியது அந்த முகாமின் சிமென்டுத் தரையில்தான். ரீற்றாவின் மகள் நிர்மலா உன் கையைப் பிடித்து நடத்தியிருக்கிறாள். உனக்கு எப்படி நினைவிருக்கும்.

அதற்குப் பிறகு அகதிகளைக் கப்பலில் திருப்பி அனுப்பத் தொடங்கினார்கள். சூசை எப்படியோ காடு வழியாக நடந்து மடு மாதா கோயிலுக்கு வந்து, அங்கே தங்கியிருந்த சனத்தோடு இருப்பதாகத் தகவல் வந்திருந்தது. ரீற்றா பெயர் கொடுத்துவிட்டுக் கப்பல் ஏறினாள். உன் அம்மாதான் போய் வழியனுப்பிவிட்டு வந்தாள். மடுவில் அவர்கள் ஒன்று சேர்ந்தார்கள் என்று ஒரே ஒரு கடிதம் வந்தது. பிறகு சண்டை பெரிதானது. வருடக்கணக்காக ஒன்றும் தெரியவில்லை. நான் ஜெகதாப்பட்டினத்து ஐஸ் கம்பெனியில் லாரி ஓட்டிக்கொண்டு, விசைப்படகுகளுக்கு ஐஸ் இறக்கிக்கொண்டு உன்னைப் படிக்க வைத்தேன். அந்தப் பக்கத்துக் கடற்படை நம் ஆட்களைப் பிடித்துக்கொண்டு போனால் துறைமுகமே கதிகலங்கிப்போகும். அப்போதெல்லாம் கூட்டத்தோடு நின்று அந்தப் பக்கத்தைத் திட்டிவிட்டு, லாரிக்குள் ஏறியதும் சூசையை நினைத்துக்கொள்வேன். யாரிடமும் சொல்ல முடியாது.

இப்போது உனக்குத் தெரியாத ஒன்றைச் சொல்கிறேன். நிர்மலா எப்படியோ என் நம்பரைக் கண்டுபிடித்து, உன் அம்மா இறந்ததைக் கேள்விப்பட்டு, போன் செய்தாள். "மாமா, அப்பாவுக்குச் சீனி வருத்தம். கால்ல ரெண்டு விரல் எடுத்தாச்சு. உங்களைப் பத்தித்தான் கதைக்கிறார்" என்றாள். சர்க்கரை வியாதியைத்தான் அப்படிச் சொன்னாள். நீ வா வா என்று கூப்பிட்டும் இத்தனை வருடமாகப் பாஸ்போர்ட் எடுக்காத நான், புதுக்கோட்டைக்குப் போய் விண்ணப்பித்து எடுத்தேன். குவைத்துக்குப் பிறகு அந்தச் சின்னப் புத்தகத்தைக் கையில் எடுக்கவே பயமாக இருந்தது எனக்கு. உன்னிடம் சொன்னால் வயதான காலத்தில் தனியாக எங்கே போகிறீர்கள் என்பாய். அதனால் சொல்லவில்லை. போன ஆவணியில் நாகப்பட்டினத்தில் கப்பல் ஏறினேன். மத்தியானத்துக்குள் காங்கேசன்துறை வந்துவிட்டது. இத்தனை வருடம் எங்களைப் பிரித்து வைத்திருந்த கடல் அரை நாள்கூட இல்லை, தம்பி.

பேசாலையில் அவன் வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தான். தலை முழுக்க நரைத்து, கன்னம் ஒட்டிப்போய், வேறு எங்காவது பார்த்திருந்தால் யாரோ என்று போயிருப்பேன். பார்வையும் மங்கிவிட்டது. நிர்மலா "அப்பா, ஆர் வந்திருக்கிறது எண்டு பாருங்கோ" என்றாள். என்னை உற்றுப் பார்த்துவிட்டு, "புதுக்கோட்டைல இருந்து அறந்தாங்கி வழிங்க. இங்கிட்டு வாங்க" என்றான். இருவரும் கையைப் பிடித்துக்கொண்டு அழுதோம். பக்கத்தில் நின்ற அவன் மருமகன் முகம் கொடுக்கவில்லை. நான் ஐஸ் லாரி ஓட்டியதைச் சூசை சொல்லியிருக்கிறான். "உங்கட ஆக்களின்ர படகு வந்து போன கிழமையும் என்ர வலையை அறுத்துப்போட்டுது, ஐயா" என்றான். நான் ஏற்றிய ஐஸ்தான் அந்தப் படகுகளை அவ்வளவு தூரம் போக வைத்தது. "தெரியும் தம்பி" என்றேன். அவனே பிறகு போய் எனக்கு இளநீர் வெட்டிக்கொண்டு வந்தான்.

சாப்பிட்டு முடித்த பிறகு கேட்டுவிட்டேன். "அன்னிக்கு ஏன் சூசை அப்படிச் சொன்ன?" இத்தனை வருடமாக நானாக ஒரு காரணம் வைத்திருந்தேன். பொய் சொல்லக் கூடாது என்ற கொள்கை, தேசப்பற்று, இப்படி ஏதோ ஒன்று. அவன் சிரித்தான். "கொள்கையோ? ஊரை மாத்திச் சொன்னன்தானே. மாவட்டத்தையும் மாத்திச் சொன்னன். நாட்டையும் மாத்திச் சொல்ல ஆயத்தம்தான். அப்பான்ர பேரைக் கேட்டாங்கள். உன்ர பெரியப்பான்ர பேர் நாக்கு நுனியில நிக்குது. எங்கட அப்பர் கடல்ல போனவர் மச்சான், சவம்கூடக் கரைக்கு வரேல்லை. அவருக்கெண்டு ஒரு கல்லறை இல்லை. அந்த மனிசனுக்கு மிச்சம் இருந்தது என்ர பேருக்குப் பின்னால இருக்கிற அந்தப் பேர் மட்டும்தான். அதையும் எடுத்துப்போட எனக்கு வாய் வரேல்லை." ரீற்றா பாத்திரம் கழுவிக்கொண்டே கேட்டுக்கொண்டிருந்தாள். "அந்தப் பேர் எனக்கு ரெண்டு வருசத்தைத் திண்டது. இண்டைக்கும் கோவம்தான்" என்றாள். கழுவிய பாத்திரத்தைக் கவிழ்த்து வைத்துவிட்டு, "ஆனா அண்ணை, இவர் பொய்ப் பேரில வந்திருந்தா, அந்தக் குண்டு வெடிச்ச வருசம் உங்கட பொலிசு இவரை விட்டிருக்குமோ? உங்களையும் சேத்துக் கொண்டுபோயிருக்கும்" என்றாள். எது சரி, எது தப்பு என்று அவளாலும் முடிவு செய்ய முடியவில்லை. என்னாலும் முடியவில்லை.

திரும்பி வந்து வீட்டைத் திறந்தபோது, சொல்ல ஆள் இல்லை. இவ்வளவு பெரிய விஷயத்தை நெஞ்சுக்குள் வைத்துக்கொண்டு, உன் அம்மா இருந்தால் எங்கே தொடங்குவேன் என்று யோசித்துக்கொண்டு நடுக்கூடத்தில் நின்றேன். அடுத்த வாரம் உன் போன் வந்தது. பொய் சொல்லிப் போனை வைத்ததற்குக் காரணம் அதுதான். நீ நாடு மாறுவது மட்டுமா என்னைத் தடுத்தது? நீ மாறினால் நம் வீட்டுக்கு வரவே விசா வாங்க வேண்டும் என்ற நினைப்பு ஒரு பக்கம். இன்னொரு பக்கம் ரொட்டி வேன், டாங்கி, அந்த மேசை, எல்லாம் ஒன்றாக மேலே வந்துவிட்டன.

நீ போய் உறுதிமொழி எடு. முணுமுணுக்காமல் வாய் நிறையச் சொல். எதற்கும் இருக்கட்டும் என்று ஒரு காலை இங்கே வைத்துக்கொண்டு எடுக்காதே. ஒரு நாடு உன்னைத் தன் ஆள் என்று எழுதிக்கொள்வது சின்ன விஷயம் இல்லை. அந்தப் பாலைவனத்தில் அந்த ஒரு வரிக்காக ஏங்கி நின்றவர்களை நான் பார்த்திருக்கிறேன். அந்த நாடும் எளிதாகப் பிறந்ததில்லை. மலேசியாவிலிருந்து பிரிந்த அன்று அதன் தலைவர் டிவியில் எல்லோரும் பார்க்க அழுதார் என்று படித்திருக்கிறேன். அதையெல்லாம் தெரிந்துகொள், பாப்பாவுக்கும் சொல்லிக்கொடு. உன் அம்மா இருந்திருந்தால் என்னைவிடச் சுலபமாகச் சொல்லியிருப்பாள். அவள் பிறந்தது திருமயம் பக்கம், புதுக்கோட்டை ராஜாவின் சீமை. "எங்க அய்யா ராஜா குடியாத்தான் பொறந்தாரு. ஒரு நாளு எந்திரிச்சா இந்தியாக்காரராயிட்டாரு. உழுத வயலு அதே வயலுதான்" என்று அடிக்கடி சொல்வாள். ஒன்று மட்டும் கேட்டுக்கொள்கிறேன். உன் ஆபீஸ் கட்டடத்தில் வேலை செய்கிறவர்களில் டாக்காக்காரன் இருப்பான், மாண்டலேக்காரன் இருப்பான். லிஃப்டில் பார்த்தால் பெயரைக் கேள். அவன் ஊரில் ஏதாவது நடந்தது என்று செய்தி வந்தால், வீட்டில் எல்லோரும் சௌக்கியமா என்று கேள். எங்களை யாராவது அப்படிக் கேட்க மாட்டார்களா என்று நாங்கள் ஏங்கியிருக்கிறோம்.

தையில் அம்மாவின் திதிக்கு நீ வருவாய் அல்லவா, திரும்பிப் போகும்போது நானும் உன்னோடு வருகிறேன். டிக்கெட் நீ போட்டுவிடு. பாப்பாவைப் பார்த்து வெகு நாளாகிவிட்டது. திருச்சி ஏர்போர்ட்டில் நம் இருவருக்கும் வேறு வேறு வரிசை இருக்கும் என்று நினைக்கிறேன். நான் இந்த ஊர்க்காரன், சீக்கிரம் உள்ளே போய்விடுவேன். நீ வெளிநாட்டுக்காரர்களோடு நின்று மெதுவாக வா, நான் உள்ளே உனக்காக நிற்கிறேன். சிங்கப்பூரில் போய் இறங்கியதும் நீ உன் வரிசையில் முன்னால் போய்விடுவாய். ஏதாவது கேட்டால் எனக்குப் பதில் சொல்ல நேரமாகும். பயப்படாதே, வந்துவிடுவேன். நீ அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் நில்.

அப்பா